துணைவிதியைத் திருத்தும் அதிகாரத்துக்கு எல்லை எது?

கூட்டுறவுச் சங்கத்தின் பேரவை பெரும்பான்மை வாக்கால் துணைவிதியைத் திருத்திவிட்டால், எதிர்த்து வாக்களித்தவரையும் அது கட்டுப்படுத்தும். இதில் பெரிய கருத்து வேறுபாடு இல்லை. எதுவரை கட்டுப்படுத்தும் என்பதில்தான் நூறாண்டு வழக்கு வரலாறு அடங்கியிருக்கிறது. பிரிட்டிஷ் நீதிமன்றங்கள் இந்தக் கேள்வியை உறுப்பினரின் சம்மதத்திலிருந்து தொடங்கின. இந்திய நீதிமன்றங்கள் சட்டத்திலிருந்து தொடங்கின. அதனால் இங்கே அரசுக்கு எதிராகச் சங்கத்துக்குக் கிடைத்த பாதுகாப்பு, சங்கத்துக்கு எதிராகத் தனி உறுப்பினருக்குக் கிடைக்கவில்லை.

அயர்லாந்தின் கெர்ரி மாவட்டத்திலிருந்த பாலிமாசெலிகட் பால் கூட்டுறவுச் சங்கம் தன் விதிகளை மாற்றியது. அப்பகுதியில் உறுப்பினர் கறக்கும் பாலைச் சங்கத்துக்கே ஊற்ற வேண்டும். நிர்வாகக் குழு சம்மதிக்காமல் பங்கை மாற்றிக்கொடுத்து விலகவும் முடியாது. ஒன்று மட்டும் இருந்திருந்தால் பொறுத்திருக்கலாம். வேறிடத்தில் விற்கவும் வழியில்லை, வெளியேறவும் வழியில்லை என்று இரண்டும் சேர்ந்தபோது விவசாயி ஆயுளுக்கும் கட்டுண்டவரானார். 1919இல் பிரிட்டிஷ் பிரபுக்கள் சபை இதை வணிகத்தின் மீதான நியாயமற்ற தடை என்று செல்லாததாக்கியது. 1930இல் வந்த ஹோல் எதிர் கார்ன்சி வழக்கு இன்னும் ஆழமானது. வில்ட்ஸ் அண்ட் சாமர்செட் விவசாயிகள் சங்கம், உறுப்பினர்கள் கூடுதல் பங்குகளை வாங்கியே ஆக வேண்டும் என்று விதியைத் திருத்தியது. திருத்தும் அதிகாரம் விதிகளில் பரந்த சொற்களில்தான் எழுதப்பட்டிருந்தது. ஆனாலும், ஒப்பந்தம் ஏற்பட்டபோது இரு தரப்பினரும் எதிர்பார்த்திருக்கக்கூடிய மாற்றங்களுக்கு மட்டுமே அந்த அதிகாரம் செல்லும் என்றார் வழக்கை விசாரித்த நீதிபதிகளில் ஒருவரான டாம்லின் பிரபு. சம்மதிக்காத உறுப்பினரின் சட்டைப்பைக்குள் பெரும்பான்மை கையை விட முடியாது என்பது அதன் பொருள்.

இந்தியாவில் கூட்டுறவு 1904ஆம் ஆண்டுச் சட்டத்தின் வழியாக, அரசு அதிகாரியான பதிவாளரோடு சேர்ந்தே பிறந்தது. 1912ஆம் ஆண்டுச் சட்டத்தின் 11ஆம் பிரிவின்படி, பதிவாளர் பதிவு செய்யாத வரை எந்தத் திருத்தமும் செல்லாது. எனவே வழக்குகளில் முதலில் எழுந்த கேள்வி, உறுப்பினர் எதற்கு ஒப்புக்கொண்டார் என்பதன்று. சட்டம் எதை அனுமதித்தது என்பதே. துணைவிதிகள் சட்டமல்ல, கம்பெனியின் சங்க விதிகளைப் போன்றவை என்று உச்ச நீதிமன்றம் 1969இலேயே சொல்லிவிட்டது. ஒப்பந்தக் கண்ணோட்டத்துக்கு அது நல்ல வாசல். ஆனால் 1985இல் தமன் சிங் வழக்கு அந்த வாசலைச் சாத்திவிட்டது. பஞ்சாபில் சங்கங்களைக் கட்டாயமாக இணைத்ததை எதிர்த்து வந்த உறுப்பினர்களிடம், சங்கத்தில் சேர்ந்தபின் சங்கத்தைப் பொறுத்தவரை உங்களுக்குத் தனித்தன்மை இல்லை, சங்கமே உங்களுக்காகப் பேசும் என்றது நீதிமன்றம். இணைப்பு வழக்கில் பிறந்த இந்த வாசகத்தைப் பின்னாளைய தீர்ப்புகள் வேறு சூழல்களுக்கும் இழுத்துச் சென்றன.

சம்மதம் என்ற இழை முற்றாக அறுந்துவிடவில்லை. அகமதாபாத் பார்சி வீட்டுவசதிச் சங்க வழக்கில் (2005), பார்சிகளுக்கு மட்டுமே உறுப்பினர் தகுதி தரும் துணைவிதியை உச்ச நீதிமன்றம் ஏற்றது. அதை ஏற்றுச் சேர்ந்த உறுப்பினர் பிறகு மீற முடியாது என்றது. தீர்ப்பின் சமூக விளைவு விவாதத்துக்குரியதுதான். ஆனால் அதன் தர்க்கத்தைத் திருப்பிப் பார்த்தால், சேர்ந்தபோது இல்லாத சுமையைப் பின்னால் ஏற்றுவதற்கு அந்தச் சம்மதம் போதாது என்றாகிறது. 2011இல் ஆந்திரப் பால் கூட்டுறவு வழக்கில் இந்தத் தர்க்கம் அரசுக்கு எதிராகப் பயன்பட்டது. 1995ஆம் ஆண்டுத் தன்னாட்சிச் சட்டத்தின் கீழ் விரும்பிச் சேர்ந்த பால் சங்கங்களை, 2006இல் அரசு கட்டுப்பாடு மிகுந்த 1964ஆம் ஆண்டுச் சட்டத்துக்குள் தள்ளிய திருத்தம், அரசியலமைப்பின் 14, 19(1)(இ) பிரிவுகளை மீறியதாக ரத்தானது. உறுப்பினர் எந்த ஏற்பாட்டை நம்பிச் சேர்ந்தார் என்பது அங்கே எடைபெற்றது. அதே கேள்வியைப் பெரும்பான்மையிடம் கேட்கும் கோட்பாடு மட்டும் இங்கே உருவாகவில்லை.

அத்தகைய கோட்பாடு வேண்டும் என்பதற்கு இரண்டு மறுப்புகள் வரும். ஒவ்வொருவரின் சம்மதத்தையும் தேடினால் சங்கமே நடக்காது என்பது முதலாவது. 1930ஆம் ஆண்டுத் தீர்ப்பு அப்படிக் கேட்கவே இல்லை. கூட்ட நடைமுறை, வணிக முறை போன்றவற்றைப் பெரும்பான்மை தாராளமாக மாற்றலாம். புதிய பணப்பொறுப்பைச் சுமத்துவதற்குத்தான் தனிச் சம்மதம் வேண்டும். பதிவாளர் இருக்கையில் நீதிமன்றக் கோட்பாடு எதற்கு என்பது இரண்டாவது. இதில் ஓரளவு நியாயம் உண்டு. ஆனால் தமிழ்நாட்டின் 1983ஆம் ஆண்டுச் சட்டத்தில், திருத்தத்தைப் பதிவு செய்வதும் பதிவாளர்; 90ஆம் பிரிவின்படி நிர்வாகக் குழுவின் அமைப்பு, சங்கத்தின் நிர்வாகம், வணிகம் பற்றிய தகராறு போய்ச் சேருவதும் பதிவாளரிடமே. தான் ஒப்புதல் தந்த திருத்தத்தின் மீதான வழக்கை அதே துறை கேட்பதை உறுப்பினருக்கான பாதுகாப்பாகக் கொள்ள முடியாது. சேரும்போது இல்லாத பணப்பொறுப்பையோ வெளியேறும் தடையையோ விதிக்கும் திருத்தங்களையாவது, துறைக்கு வெளியே உள்ள தீர்ப்பாயம் ஒன்றே முதலில் விசாரிக்க வேண்டும்.