வந்தார் என்றவர் யார்?

சொல்லன்பரே, கண்மணி குணசேகரனின் ‘வந்தாரங்குடி’ நாவலைக் கையில் எடுத்தால், அட்டையைத் திருப்புமுன் அந்தப் பெயரில் சற்றுத் தங்குங்கள். நெய்வேலிச் சுரங்கத்துக்காக ஊரையும் கொல்லையையும் இழந்து பெயர்ந்த மக்களின் கதை அது. நடுநாட்டுச் சொல்லகராதி தொகுத்த கை இட்ட பெயர்.

வந்தார் என்னும் வினையாலணையும் பெயர் அம் சாரியை பெற, அதன் மகரம் ககரத்தின் முன் ஙகரமாகக் குழைகிறது. பல்லடியில் தொடங்கிய நா கடையண்ணம் வரை பின்வாங்கிய பிறகே குடியில் அமர்வதால், பெயரே ஓர் இடப்பெயர்ச்சியை ஒலித்துக் காட்டுகிறது. அதைவிட நுட்பமானது அதன் ஈறு. குடியேறியவர் தம்மைச் சொன்னால் ‘வந்தோம்’ என்பர்; ‘வந்தார்’ என்பது முன்பே அங்கிருந்தவர் வாய்ச்சொல். படர்க்கை ஈறு ஒன்று, ஒரு தலைமுறையை அயலாக்கி நிறுத்திவிடுகிறது. இறந்தகாலமோ இன்னும் கடுமையானது: தந்தை வந்தார், சரி, அங்கேயே பிறந்து எங்கிருந்தும் வராத மகனும் அந்தப் பெயருக்குள்தான் வளர வேண்டும்.

குடியோ பழஞ்சொல். குடும்பம், குலம், ஊர், ஆளப்படுவோர் என்று பொருள் விரிந்தாலும் வேரூன்றி இருத்தல் என்னும் கரு அதில் தேயவில்லை. வள்ளுவர் குடிமைக்கு ஓர் அதிகாரமும் குடிசெயல்வகைக்கு மற்றோர் அதிகாரமும் வகுத்தார். வந்ததையும் ஊன்றியதையும் ஒரே பெயரில் பிணைத்தது தமிழின் ஆற்றல்.

இந்தப் பெயருக்குப் பின்னால் உள்ள வரலாறு இது: 1956இல் நெய்வேலி நிலக்கரி நிறுவனம் அமைந்தது. 1957இல் நேரு சுரங்கப் பணியைத் தொடங்கிவைத்தார். 1961இல் பழுப்பு நிலக்கரிப் படுகை கண்ணுக்குத் தெரிந்தது. நில அளவையும் குறிக்கும் ‘வேலி’யில் பெயர் முடியும் அவ்வூரில், வேலைக்கு வந்தவர்களுக்கு வட்டம் வட்டமாக ‘நகரியம்’ எழுந்தது. அவர்களும் வந்தார்தாம், அவர்கள் இருப்பிடத்துக்கு மட்டும் அப்பெயர் ஒட்டவில்லை.

தலைமுறைகளைப் பெயரிலேயே தாங்கும் வேறொரு நாவலும் உண்டு: ஃபாரோ தீவுகளின் ஹேதின் ப்ரூ 1940இல் எழுதிய ‘ஃபெத்கர் ஆ ஃபெர்த்’. தந்தையையும் மகன்களையும் ஒரே சொல்லில் அடக்கும் ‘ஃபெத்கர்’ அதன் தலைப்பின் முதற்சொல். கடனுக்கு அஞ்சும் கிழவரும் கடனில் வாழும் இளையோரும் அதன் மாந்தர். அங்கே காலம் மாறியது, தீவு இருந்தது. இங்கே ஊர் நின்ற மண்ணே தோண்டப்பட்டது.

ஆகவே ஊரிழந்த குடியினரே, உங்கள் பழைய ஊரின் பெயரையும் ஏரி, கொல்லை, முந்திரித் தோப்பு ஒவ்வொன்றின் பெயரையும் பெரியவர்களிடம் கேட்டு எழுதிவையுங்கள், தன்மையில் எழுதுங்கள்.