ஃபெயனோரின் எழுத்துகள்

கற்பனை உலகுக்கு எழுத்து வேண்டுமா? நாலு விநோதக் கோடு கிறுக்கினால் போதும். ஜே.ஆர்.ஆர். டோல்கீன் அப்படி விடவில்லை. ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கில அகராதியில் வேலை பார்த்தவர்.

அவருடைய ‘தி ரிட்டர்ன் ஆஃப் தி கிங்’ (1955) பிற்சேர்க்கையில் அவர் படைத்த உலகின் எழுத்துமுறை இருக்கிறது. ரூமில் என்பவன் வகுத்த பழைய எழுத்துகளுக்குப் பின் எல்ஃப் கைவினைஞன் ஃபெயனோர் வகுத்தது ‘தெங்வார்’. முதன்மை எழுத்துகள் 24. ஒவ்வொன்றும் ஒரு தண்டும் வளைவும். ‘பேனா’வின் பகரத்துக்கு ஒரே வளைவு. இரட்டித்தால் ‘பஸ்’ஸின் பகரம். ஒற்றை வளைவோடு தண்டை மேலே தூக்கினால் ‘ஃபேன்’! (முதல் இரண்டுக்கும் நமக்கு ஒரே எழுத்துதான்.)

ஒலிமதிப்பு மட்டும் மொழிக்கு மொழி மாறும். கதையில் வரும் மோதிரத்தின் வாசகத்தில் உயிரொலிகள் மேலே குறிகளாக அமர்ந்திருக்கும். மோரியா என்னும் சுரங்கத்தின் வாயிலிலோ தனி எழுத்துகளாகவே நிற்கும்.