பஞ்சம், ஆலை, அந்நியன்: ஐரிஷ் குடிபெயர்வும் வடசென்னைத் தொழிலாளர் வரலாறும்

முன்னுரை

வடசென்னையில் ஸ்டான்லி அரசு மருத்துவமனைக்கு வழி கேட்டால், வயது முதிர்ந்தோர் இன்றும் ‘கஞ்சித்தொட்டி ஆஸ்பத்திரியா?’ என்று திருப்பிக் கேட்பதுண்டு. இராயபுரத்தை அடுத்த அவ்வட்டாரத்தில், ஐதர் அலியின் படையெடுப்பை ஒட்டி எழுந்த பஞ்சத்தின்போது, 1782இல், பசித்து வந்தோருக்குக் கஞ்சி வார்க்கும் மணியக்காரர் சத்திரம் தோன்றியது. அச்சத்திரத்தின் தொண்டிலிருந்தே பின்னர் மருத்துவமனை வளர்ந்தது. மக்கள் நாவில் நிலைத்துவிட்ட அப்பழம் பெயரை வடசென்னை வரலாற்றின் திறவுகோல் எனலாம். பசியினால் ஊரைத் துறந்தோர் வந்து சேர்ந்த நிலம் இது.

உலகின் மற்றொரு கோடியில் இதே துயரை அனுபவித்தவர் அயர்லாந்து நாட்டினர். பஞ்சத்தால் துரத்தப்பட்டு, பிறநாட்டு ஆலைகளிலும் துறைமுகங்களிலும் கூலிகளாகி, அங்கிருந்த ஏழைகளாலேயே பகைக்கப்பட்டவர் அவர்கள். இவ்விரு வரலாறுகளையும் அருகருகே வைத்து, ஏழை ஏழையோடு மோதும் நிலை எவ்வாறு உண்டாகிறது, அந்நிலையில் திருச்சபை நிற்க வேண்டிய இடம் எது என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

1. அயர்லாந்தின் பஞ்சமும் குடிபெயர்வும்

1841ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி அயர்லாந்தின் மக்கள்தொகை ஏறத்தாழ 82 இலட்சம். நிலம் பெரும்பாலும் சீர்திருத்தச் சபையைச் சார்ந்த நிலக்கிழார்களிடம் இருந்தது. உழுதவர்களோ பெரும்பாலும் கத்தோலிக்கர். விளைந்த தானியம் வாரத்துக்கும் ஏற்றுமதிக்கும் போக, ஏழைகளின் வயிற்றுக்கு எஞ்சியது உருளைக்கிழங்கு ஒன்றே. 1845இல் அப்பயிரை ஒரு நோய் தாக்கியது. அடுத்த சில ஆண்டுகளில் பசியாலும் காய்ச்சலாலும் மடிந்தோர் ஏறத்தாழ 10 இலட்சம். அதற்கும் மிகுதியானோர் கப்பலேறினர். அக்காலத்திலும் தானியம் நாட்டை விட்டு ஏற்றுமதியாகிக்கொண்டிருந்தது என்பதை வரலாறு மறக்கவில்லை.

கப்பலேறியோரில் பெருந்தொகையினர் முதலில் இறங்கிய துறைமுகம் இலிவர்பூல். 1851இல் அந்நகரத்தாரில் ஐந்தில் ஒருவருக்கு மேல் அயர்லாந்தில் பிறந்தோராய் இருந்தனர். நிலவறைகளில் குடும்பம் குடும்பமாகத் தங்கிய அவர்களிடையே 1847இல் நச்சுக்காய்ச்சல் பரவியது. அவர்களைச் சந்திக்கச் சென்ற கத்தோலிக்கக் குருக்கள் பதின்மர் அந்நோய்க்கே பலியாயினர். யூனிடேரியன் சபையின் ஏழையர் பணியாளர் ஜான் ஜான்ஸ் என்பாரும் அவ்வாறே இறந்தார். கொள்கையால் வேறுபட்டோரை ஏழைகளின் படுக்கையருகே ஒரே மரணம் ஒன்றுசேர்த்தது.

2. இரு பஞ்சங்களை இணைக்கும் ஒரு பெயர்

அயர்லாந்துப் பஞ்ச நிவாரணத்தின் நிதிப்பொறுப்பை இலண்டன் கருவூலத்தில் வகித்தவர் சார்லஸ் டிரெவெலியன். சந்தையின் போக்கில் அரசு தலையிடலாகாது என்ற கொள்கையில் ஊறியவர். உதவி மிகுந்தால் மக்கள் சோம்பேறிகளாவர் என்று அஞ்சியவர். அவரே 1859இல் சென்னை மாகாண ஆளுநராக வந்து, 1860 வரை இங்கு ஆட்சி புரிந்தார். அவர் காலத்தில் இங்குப் பெரும்பஞ்சம் நிகழவில்லை. ஆயினும் அவர் சார்ந்திருந்த சிந்தனை அவருக்குப் பின்னும் ஆட்சியில் நிலைத்திருந்தது.

1876இல் பருவமழை பொய்த்தது. 1878 வரை நீடித்த பஞ்சத்தில் சென்னை மாகாணத்தில் மட்டும் பல இலட்சம் பேர் மடிந்தனர். அப்போதும் இந்தியாவிலிருந்து தானியம் ஏற்றுமதியாயிற்று. பஞ்ச அதிகாரியாக 1877இல் அனுப்பப்பட்ட ரிச்சர்டு டெம்பிள், நிவாரண வேலை செய்யும் ஆணுக்கு நாளொன்றுக்கு ஒரு பவுண்டு, அதாவது ஏறத்தாழ 450 கிராம் தானியமும் ஓர் அணாவும் போதுமென்று விதித்தார். மாகாணச் சுகாதார ஆணையர் கார்னிஷ், உழைக்கும் உடலுக்கு இது போதாது என்று வாதிட்டார். சில மாதங்களில் கூலி உயர்த்தப்பட்டது.

அப்பஞ்சக் கூலிகளின் கரங்களே, அடையாற்றையும் கூவத்தையும் இணைக்கும் கால்வாய்ப் பகுதியை வெட்டின. 1806இல் கொக்ரேன் கால்வாய் என்ற பெயரில் சென்னையிலிருந்து எண்ணூரை நோக்கி வெட்டப்பட்ட வடபகுதியோடு அது சேர்ந்தது. பின்னர் முழுக் கால்வாயும் அன்றைய ஆளுநர் பக்கிங்ஹாம் கோமகனின் பெயரைப் பெற்றது. திருவொற்றியூர் வழியாகச் செல்லும் அக்கால்வாயின் பெயரில் பஞ்சக் கூலிகளின் நினைவுக்கு இடமில்லை. 1876இல் தொடங்கப்பெற்ற பக்கிங்ஹாம் ஆலையும் அதே ஆளுநரின் பெயரைத் தாங்கியது.

3. ஆலையை நாடி வந்தோர்

பெரம்பூரில் பக்கிங்ஹாம் ஆலையும், 1881இல் தோன்றிய கர்நாடிக் ஆலையும் பின்னர் ஒரே நிறுவனமாயின. அவற்றின் தொழிலாளருள் கணிசமானோர் செங்கற்பட்டு முதலிய அண்டை மாவட்டங்களிலிருந்து வந்த ஆதிதிராவிடர். அவர்களுடைய கிராம வாழ்வு எத்தகையது என்பதைச் செங்கற்பட்டு ஆட்சியர் டிரெமென்ஹீர் 1891இல் அரசுக்கு அளித்த அறிக்கையில் விரித்துரைத்தார். குடியிருக்கும் மனையும் தமதன்று. பண்ணைக் கடனோ தலைமுறை தலைமுறையாகத் தொடர்ந்தது. அவ்வறிக்கையின் பயனாக 1892இல் அவர்களுக்கென நிலம் ஒதுக்க அரசு ஆணையிட்டது. ஆயினும் பலருக்கு உண்மையான விடுதலையாக வாய்த்தது இரயிலடியும் ஆலை வாயிலுமே. ஐரிஷ் உழவன் நிலக்கிழாரிடமிருந்து மான்செஸ்டருக்கு ஓடியதைப் போல, இவர்கள் பண்ணையாரிடமிருந்து பெரம்பூருக்கு வந்தனர். ஆலையில் கூலி குறைவு, வேலைநேரம் மிகுதி. எனினும் அங்கே மாதச் சம்பளம் இருந்தது, பண்ணையார் இல்லை. இதனை மறந்துவிட்டால் பின்னிகழ்ந்தவற்றை நாம் சரிவர விளங்கிக்கொள்ள முடியாது.

4. ஸ்டாக்போர்ட்டும் புளியந்தோப்பும்

இங்கிலாந்தின் ஆலை நகரமாகிய ஸ்டாக்போர்ட்டில், 1852 ஜூன் இறுதியில், கத்தோலிக்க ஊர்வலமொன்றை ஒட்டிக் கலவரம் மூண்டது. ஐரிஷ் மக்களின் வீடுகள் சூறையாடப்பட்டன. ஆலயங்கள் இரண்டு பாழாக்கப்பட்டன. ஐரிஷ் தொழிலாளி ஒருவர் கொல்லப்பட்டார். வெளியே சமயப் பூசலாகத் தோன்றிய இதன் அடியில், ‘இவர்கள் வந்ததாலேயே நம் கூலி குறைந்தது’ என்ற ஆலைத் தொழிலாளரின் அச்சம் கனன்றுகொண்டிருந்தது. அடுத்த ஆண்டு தொடங்கிய பிரஸ்டன் நகரப் போராட்டத்தில், முதலாளிகள் வேலைநிறுத்தத்தை முறியடிக்க அயர்லாந்திலிருந்தே ஆட்களை வருவித்தனர். மான்செஸ்டர் போதகர் ஒருவரின் மனைவியாகிய எலிசபெத் காஸ்கெல் அம்மையார் இத்தகைய நிலையைத் தம் புதினமொன்றில் சித்திரித்துள்ளார்.

எழுபது ஆண்டுகளுக்குப் பின், மற்றொரு ஜூன் இறுதியில், அதே நிகழ்ச்சி வடசென்னையில் நேர்ந்தது. 1918 ஏப்ரல் 27இல் செல்வபதி செட்டியார், இராமானுஜலு நாயுடு ஆகியோரின் முயற்சியால், பி. பி. வாடியாவைத் தலைவராகக் கொண்டு சென்னைத் தொழிலாளர் சங்கம் தோன்றியது. வாடியா அன்னி பெசண்டின் உடனுழைப்பாளர். ஐரிஷ் வழிவந்த அவ்வம்மையார் 1916இல் தொடங்கிய இயக்கத்தின் ‘ஹோம் ரூல்’ என்ற பெயரே அயர்லாந்திலிருந்து வந்ததாகும். 1921இல் வேலைநிறுத்தம் மூண்டபோது சங்கத்தை வழிநடத்தியவர் திரு. வி. கலியாணசுந்தரனார். பெரும்பாலான சாதி இந்துத் தொழிலாளரும் முஸ்லிம் தொழிலாளரும் வேலையை விட்டு நின்றனர். ஆதிதிராவிடத் தொழிலாளரும் கிறிஸ்தவர் சிலரும் ஆலைக்குள் சென்றனர். ஜூன் 28 தொடங்கிப் புளியந்தோப்பில் ஆதிதிராவிடரின் குடிசைகள் தீக்கிரையாயின. மோதல்களும் துப்பாக்கிச் சூடும் தொடர்ந்தன. அக்டோபரில் போராட்டம் தோல்வியில் முடிந்தது, சங்கம் நலிந்தது. ஆலை நிருவாகமே வென்றது.

வேலைக்குச் சென்றோரைக் ‘கருங்காலி’ என்று அழைப்பது தொழிலாளர் வழக்கு. ஆயினும் நாம் ஒரு கேள்வியை எழுப்பியாக வேண்டும். கிராமத்தில் தன்னைக் கிணற்றருகே வரவிடாத ஒருவன், ஆலை வாயிலில் திடீரென்று ‘தோழா, உள்ளே போகாதே’ என்றால், அவ்வழைப்பை எதைக் கொண்டு நம்புவது? வேலைநிறுத்த நாட்களில் கடன் கொடுக்கக் கடைக்காரனோ, திரும்பிச் செல்ல ஒரு காணி நிலமோ அவனுக்கு இருந்ததா? ஒற்றுமையைக் கேட்கும் உரிமை, முன்னரே ஒற்றுமையாக வாழ்ந்தோருக்கு உரியது. மறுபுறம், பட்டினியோடு வெளியே நின்றவனின் கோபமும் பொய்யன்று. இருவர் துயரும் மெய்யாக இருந்தமையாலேயே அத்தீ அவ்வளவு எளிதில் பற்றியது.

5. திருச்சபை நின்ற இடம்

இறையியல் மாணவர் கருதத்தக்க செய்தி ஒன்று உண்டு. திரு.வி.க. இராயப்பேட்டை வெஸ்லி மிஷன் பள்ளியில் பயின்று, பின் அங்கேயே தமிழாசிரியராகவும் பணிபுரிந்தவர். ஆதிதிராவிடரின் சார்பில் சட்டமன்றத்தில் குரல் எழுப்பிய எம். சி. இராஜாவும் அதே வெஸ்லி பள்ளியின் மாணவரே. பிளவின் இரு கரைகளிலும் நின்றோர் ஒரே மிஷன் பள்ளியின் பிள்ளைகள். கல்வியை நாம் இருவருக்கும் கொடுத்தோம். இருவரும் ஒன்றாய் அமரும் பந்தியைப் புளியந்தோப்பில் நம்மால் விரிக்க இயலவில்லை.

இதற்கு மாறாக, 1889இல் இலண்டன் துறைமுகத் தொழிலாளர் மணிக்கு ஆறு பென்னி கூலி கேட்டுப் போராடியபோது, அவர்களுள் பலர் ஐரிஷ் கத்தோலிக்கர். எண்பத்தொரு வயதான கர்தினால் மேனிங் இரு தரப்பினரிடமும் மாறி மாறி நடந்து உடன்பாடு கண்டார். தொழிலாளர் அவருக்குச் செவிசாய்த்தமைக்குக் காரணம், அவரது சபை நாற்பது ஆண்டுகளாக அம்மக்களின் சந்துகளிலேயே வாழ்ந்து வந்தது என்பதே. நெருக்கடியின் நாளில் மட்டும் வரும் நடுவரை எவரும் நம்புவதில்லை.

துன்புற்ற மக்கள் என்றும் துன்புற்றோர் பக்கமே நிற்பர் என்று எண்ணுவதும் தவறாகும். சென்னைப் பியூசிலியர் படையே 1881இல் டப்ளின் பியூசிலியர் படையின் ஒரு பட்டாளமாயிற்று. தாயகத்தில் ஆளப்பட்ட ஐரிஷ் இளைஞர், வயிற்றுப்பாட்டுக்காக இந்தியாவை ஆளும் படையில் சேர்ந்தனர். யாத்திராகமம் 5ஆம் அதிகாரத்தில் எபிரெயரை வேலை வாங்க எபிரெயரே தலைவராக வைக்கப்படுகின்றனர். அடியும் அவர்கள்மேல் விழுகின்றது. இறுதியில் பழி மோசேயின்மேல் வருகின்றது.

முடிவுரை

பெரம்பூர் ஆலைகள் 1996இல் மூடப்பட்டன. ஆனால் வருகை நிற்கவில்லை. 1960களில் பர்மாவிலிருந்து வெறுங்கையராய்த் திரும்பிய தமிழர் வியாசர்பாடியிலும் எண்ணூரிலும் குடியேறினர். இன்று எண்ணூர், மணலி, திருவொற்றியூர் ஆகிய இடங்களின் தொழிற்சாலைகளிலும் கட்டடப் பணியிலும் பீகார், ஒடிசா, மேற்கு வங்க இளைஞர் உழைக்கின்றனர். 2020இல் ஊரடங்கின்போது அவர்களைச் சாலைகளிலும் இரயில் நிலையங்களிலும் கண்டோம். 2023 மார்ச்சில், அவர்கள் தாக்கப்படுவதாகப் பொய்க் காணொளிகள் பரவி, பலர் அஞ்சி ஊர் திரும்பினர். ‘இவர்கள் வந்ததால் நம் கூலி குறைந்தது’ என்ற ஸ்டாக்போர்ட்டின் பேச்சு இப்போது நம் தெருக்களில் தமிழில் பேசப்படுகிறது. ஆராதனை முடிந்து வெளிவரும் நம் சபையாரும் அதைப் பேசுகின்றனர்.

உபாகமம் 26ஆம் அதிகாரத்தில், முதற்கனியோடு வரும் இஸ்ரவேலன், அலைந்து திரிந்த தன் முன்னோனை நினைவுகூர்ந்த பின்னரே படைக்கின்றான். அதன்பின் அந்நியனோடு சேர்ந்து மகிழ்கின்றான். வடசென்னைச் சபைகளின் முன்னோருள்ளும் கஞ்சித்தொட்டியில் கையேந்தியோர், கால்வாய் வெட்டியோர், குடிசை எரிந்தோர், குடிசை எரித்தோர் ஆகிய யாவரும் இருந்திருக்கலாம். இவ்வரலாற்றை ஞாயிறு பள்ளியிலும் பிரசங்க பீடத்திலும் சொல்லுவோமாக. ஆலை வாயிலில் அடுத்த பிளவு தோன்றுவதற்கு முன்னரே, புதிதாய் வந்தவனின் மொழியில் நான்கு சொற்களையேனும் கற்று, அவன் தங்கும் கொட்டகைக்கு நாம் சென்று வருவோமாக.