பிஸ்ஸு பூசாவுக்குப் பின்னால் ஒரு மனிதர்

சின்ன வயதில் ரூபவாஹினியில் 'பிஸ்ஸு பூசா' பார்த்துச் சிரிக்காதவர்கள் எங்களுக்குள் குறைவு. சிங்களம் அரைகுறையாகத்தான் விளங்கும், ஆனாலும் விழுந்து விழுந்து சிரிப்போம். அது ஹீத்கிளிஃப் என்ற வெளிநாட்டுப் பூனை எண்டு கம்பஸ் வந்த பிறகுதான் தெரிந்துகொண்டோம். அதைச் சிங்களம் பேச வைத்தவரின் பெயர் டைட்டஸ் தொட்டவத்த. அவர் ஒரு படத்தொகுப்பாளர்.

முதல் சிங்களப் பேசும்படமான 'கடவுனு பொறொந்துவ' (1947) மதுரையில் உள்ள ஸ்டூடியோவில்தான் எடுக்கப்பட்டது. தென்னிந்திய ஸ்டூடியோக்களை நம்பியிருந்த அந்தச் சினிமாவை ஊருக்குள்ளும் வெயிலுக்குள்ளும் கொண்டுவந்த படம் 'ரேகாவ' (1956). அரசாங்கத் திரைப்படப் பிரிவில் ஆவணப்படம் செய்துகொண்டிருந்த மூன்று பேர், வேலையை விட்டுவிட்டு வந்து எடுத்த படம் அது. இயக்கம் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ், ஒளிப்பதிவு வில்லி பிளேக், தொகுப்பு டைட்டஸ். 1957இல் அது கான் விழா வரை போனது. ஆனால் 'ரேகாவ' எண்டதும் எங்கள் வாயில் வருவது லெஸ்டரின் பெயர் மட்டும்தானே?

அந்தக் காலத்து எடிட்டிங் கைவேலை. ஒரு செக்கனுக்கு 24 சட்டகம், 35 மி.மீ. பிலிமில் அது ஒன்றரை அடி. எந்தச் சட்டகத்தில் வெட்டுவது எண்டு கண்ணால் பார்த்து, வெட்டி, ஒட்ட வேணும். பிழைத்தால் காட்சியின் மூச்சே மாறிவிடும்.

பிறகு டைட்டஸ் தானே இயக்குநரானார். காமினி பொன்சேகா நடித்த 'சண்டியா' (1965), சிறுவர்களை வைத்து எடுத்த 'ஹந்தயா' (1979) இரண்டும் அவருடையவை. 1982இல் ரூபவாஹினி தொடங்கிய பிறகு அங்கே டப்பிங் பிரிவை வழிநடத்தினார். டொக்டர் டூலிட்டில் 'தொஸ்தர ஹொந்தஹித' ஆனது, பக்ஸ் பன்னி 'ஹா ஹா ஹரி ஹாவா' ஆனது.

டப்பிங்கும் ஒருவகை எடிட்டிங்தான் எண்டு எங்களுக்குப் படுகிறது. படம் ஏற்கனவே முடிந்துவிட்டது. பூனையின் வாய் அசையும் நேரத்தைக் கூட்டவோ குறைக்கவோ ஏலாது. அந்த நேரத்துக்குள் ஊர்ப்பேச்சைக் கச்சிதமாக உட்கார வைக்க வேணும். சொல்லுக்குச் சொல் மொழிபெயர்த்தால் சிரிப்பு வராது. காலமெல்லாம் சட்டகம் எண்ணிய கைக்கு அந்தக் கணக்குப் புதிதில்லை.

2011இல் டைட்டஸ் காலமானார். சிங்களம் சரியாக விளங்காத எங்களையே சிரிக்க வைத்தவர் அவர். எங்கட ஊர்த் தமிழில் ஒரு பூனை அப்படிக் கதைக்க வேணுமெண்டு நாங்கள் ஆசைப்பட்டால், படிக்கத் தொடங்க வேண்டிய இடம் அவருடைய வேலைதான்.