நம் பெயர்கள் பிறந்த கதை

வெளிநாட்டுப் பயணத்திற்கான பாரங்களைப் பூர்த்தி செய்யும்போது, "குடும்பப் பெயர்" என்று ஒரு கட்டம் வரும். அங்கே நம்மவர் கை சற்று நின்றுவிடும். சீன நண்பருக்குத் தடுமாற்றமில்லை. டான், லிம் என்று குடும்பப் பெயரை முன்னால் எழுதிவிடுவார். நமக்கோ அப்படி ஒன்று இல்லை. இது குறையா? இல்லை. இது நம்முடைய முறை. அந்த முறையைத்தான் இன்று பார்க்கப் போகிறோம்.

தமிழர் வழக்கில் ஒருவருக்குச் சொந்தப் பெயர் ஒன்று. அதற்கு முன்னால் தந்தையின் பெயர் அல்லது அதன் முதலெழுத்து. மறைந்த துன் வீ. தி. சம்பந்தன் அவர்களை எடுத்துக்கொள்ளுங்கள். "வீ" என்பது தந்தையார் வீராசாமியைக் குறிக்கும். அவருடைய சொந்தப் பெயர் திருஞானசம்பந்தன். தேவாரம் பாடிய திருஞானசம்பந்தரின் பெயர் அது. 1999 முதல் 2011 வரை சிங்கப்பூர் அதிபராக இருந்த எஸ். ஆர். நாதன் அவர்களின் முழுப்பெயர் செல்லப்பன் ராமநாதன். செல்லப்பன் என்பது தந்தையார் பெயர்.

மலாய்க்காரர்களும் இப்படித்தான். மகனுக்கு "பின்", மகளுக்கு "பிந்தி" என்று எழுதித் தந்தை பெயரைச் சேர்க்கிறார்கள். நம் அடையாள அட்டையில் ஏ/எல் என்று இருந்தால் "அனாக் லெலாக்கி", அதாவது மகன். ஏ/பி என்றால் "அனாக் பெரம்புவான்", அதாவது மகள். சிங்கப்பூரில் இதையே எஸ்/ஓ, டி/ஓ என்று எழுதுவார்கள். பெண் திருமணமாகிப் போனாலும் அடையாள அட்டையில் தந்தையின் பெயர் அவளோடு நிற்கிறது.

தந்தையையும் பிள்ளையையும் பெயரால் இணைப்பது நம்மிடம் மிகப் பழைய வழக்கம். "ஆதன் தந்தை" என்பது "ஆந்தை" என்றும், "பூதன் தந்தை" என்பது "பூந்தை" என்றும் குறுகி வருவதற்குத் தொல்காப்பியம் விதி கூறுகிறது. "பேரன்" என்ற சொல்லையும் பாருங்கள். அது "பெயரன்" என்பதன் திரிபு. தாத்தாவின் பெயரைத் தாங்குகிறவன் பெயரன். அவ்வாறே பெயர்த்திதான் பேத்தி.

ஆனால் இதில் ஒரு சங்கடமும் இருந்தது. மாமனார் பெயரை மருமகள் வாயால் சொல்லக்கூடாது என்பது அந்நாளைய கட்டுப்பாடு. பிள்ளைக்கோ அதே பெயர்! ஆகவே தாய் அவனை ராசா என்றும் தம்பி என்றும் கூப்பிட்டாள். பலருக்கு வீட்டில் ஒரு பெயரும் பத்திரத்தில் ஒரு பெயரும் இருப்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

இனித் தோட்டத்துப் பெயர்களுக்கு வருவோம். நாகப்பட்டினத்திலும் சென்னையிலும் கப்பலேறிப் பினாங்கில் இறங்கிய நம் முன்னோர் பலரிடம் மூட்டை முடிச்சு அதிகமில்லை. ஆனால் ஊர்த் தெய்வத்தின் பெயரைக் கொண்டு வந்தார்கள். முனியாண்டி, முனியம்மா என்றால் ஊர் எல்லையைக் காக்கும் முனீஸ்வரரை நினைத்து வைத்தது. மாரியம்மாளும் காளியம்மாளும் அம்மன் பெயர்கள். அண்ணாமலை என்பது திருவண்ணாமலையையும், பழனி என்பது முருகன் மலையையும், வெங்கடாசலம் என்பது திருப்பதியையும், சொக்கலிங்கம் என்பது மதுரையையும் காட்டும். தருமன், அர்ச்சுனன், துரோபதை என்ற பெயர்கள் வட ஆர்க்காடு, தென் ஆர்க்காடு பக்கத்துத் திரௌபதை அம்மன் கோயில்களையும் அங்கே நடக்கும் பாரதக் கூத்தையும் நினைவூட்டும். நம்மோடு பால் மரம் சீவிய தெலுங்கு மக்களிடையே அப்பலசாமி என்ற பெயரைக் கேட்டிருப்பீர்கள். அது சிம்மாசலத்து அப்பண்ண சாமியின் பெயர்.

குப்பன், குப்பம்மாள், பிச்சை என்ற பெயர்களைக் கேட்டு இளம் பிள்ளைகள் சிரிப்பதுண்டு. சிரிக்க வேண்டிய பெயர்களல்ல அவை. பெற்ற பிள்ளைகள் ஒன்றன்பின் ஒன்றாக இறந்த வீட்டில், அடுத்த குழந்தையைக் குப்பையில் கிடத்தி எடுத்துக் குப்பன் என்று பெயரிட்டார்கள். இழிவான பெயராக இருந்தால் எமனும் கண் வைக்கமாட்டான் என்று நம்பினார்கள். அந்தப் பெயருக்குள் ஒரு தாயின் அழுகை இருக்கிறது. போதும்பொண்ணு என்ற பெயரில் இருப்பதோ வேறு வகை வேதனை. அடுத்தது ஆணாகப் பிறக்கட்டும் என்று பெண்ணுக்கு இட்ட பெயர் அது. அந்த வழக்கம் ஒழிய வேண்டியதே. ஆனால் அந்தப் பெயரைச் சுமந்த பாட்டிமார்தாம் விடியுமுன் பெரட்டுக்குப் போய் உழைத்துக் குடும்பத்தைத் தூக்கி நிறுத்தினார்கள் என்பதை நாம் மறக்கலாகாது.

பின்னர் காலம் மாறியது. 1916-ஆம் ஆண்டில் வேதாசலம் என்ற தமிழறிஞர் தம் பெயரை மறைமலை அடிகள் என்று தனித்தமிழில் மாற்றிக்கொண்டார். 1929-இல் செங்கற்பட்டில் கூடிய சுயமரியாதை மாநாடு, பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டம் வேண்டாம் என்று தீர்மானித்தது. அதே ஆண்டின் இறுதியில் பெரியார் மலாயாவிற்கு வந்தார். அந்த எண்ணங்கள் தோட்டங்களுக்குள்ளும் பரவின. தமிழ்ச்செல்வி, அறிவழகன், இளங்கோ, கண்ணகி, மணிமேகலை என்ற பெயர்கள் லயங்களில் ஒலிக்கத் தொடங்கின.

இனி முக்கியமான ஒன்று. 1948-இல் மலாயாவில் அடையாள அட்டை வந்தது. பேச்சில் இருந்த பெயர்கள் ரோமன் எழுத்துக்குள் போயின. அந்த எழுத்தில் நம் ழகரம் இல்லை. லகர ளகர வேறுபாடும் இல்லை. எழுதுகிறவர் காதில் விழுந்தபடி எழுதினார். எழுதப்படிக்கத் தெரியாத தகப்பன் தலையாட்டினார். ஒரே தந்தையின் பெயர் அண்ணன் பத்திரத்தில் ஒருவிதமாகவும் தங்கை பத்திரத்தில் வேறுவிதமாகவும் ஏறிவிட்டது. பிற்காலத்தில் சேமநிதிப் பணம் பெறவும், குடியுரிமைக்கு மனுச் செய்யவும், நிலத்தைப் பிள்ளைகள் பேருக்கு மாற்றவும் போகும்போதுதான் ஓர் எழுத்தின் விலை தெரிகிறது.

ஆகவே பிள்ளை பிறந்தால் உரிய நாட்களுக்குள் பதிவு செய்யுங்கள். பெயரை முன்கூட்டியே ஒரு தாளில் எழுதிக்கொண்டு போங்கள். தந்தை, தாய் அடையாள அட்டைகளில் உள்ள எழுத்துகளே பிள்ளையின் பத்திரத்திலும் இருக்கின்றனவா என்று, அங்கிருந்து நகருமுன் சரிபாருங்கள். படிக்கத் தெரிந்த ஒருவரைத் துணைக்கு அழைத்துச் செல்வது நல்லது.

இன்னொரு வேலையும் இருக்கிறது. தோட்டங்கள் பல துண்டாடப்பட்டுவிட்டன. லயங்கள் இடிக்கப்பட்டு, மக்கள் பட்டணங்களுக்குப் பெயர்ந்துவிட்டார்கள். நம் பத்திரங்களில் தந்தை பெயர் மட்டுமே இருக்கிறது. தாத்தாவுக்குத் தந்தை யார் என்பதை முதியவர்களின் நினைவு ஒன்றுதான் சொல்லும். அவர்கள் இருக்கும்போதே கேளுங்கள். தாத்தா, பாட்டி, அவர்களைப் பெற்றவர்கள், வந்த ஊர், கும்பிட்ட சாமி ஆகியவற்றை ஒரு நோட்டுப் புத்தகத்தில் தமிழில் எழுதி வையுங்கள். குடும்பப் பெயர் இல்லாத நமக்கு அந்த நோட்டுப் புத்தகமே குடும்பத்தின் பெயர்.