கணக்கேட்டில் இல்லாத பெயர்கள்

கைத்தொழிற் புரட்சியைப் பற்றிய பாடத்தை மாணவர் எளிதில் மனனஞ் செய்துவிடுகின்றனர். ஹார்கிரீவ்ஸ், ஆர்க்ரைட், குரொம்டன் என்று யந்திரங்களைக் கண்டவர்களின் பெயர்கள் ஆண்டுகளோடு வரிசையாக வரும். லங்காஷயர் ஆலைகளில் நூலும் துணியும் குவிந்த செய்தியும் வரும். ஆயின், அப்பருத்தியைப் பறித்தவர் யார் என்னும் வினா பெரும்பாலும் எழுவதில்லை; எழுந்தாலும் 'அமெரிக்காவின் தென் மாநிலங்கள்' என்ற விடையோடு அடங்கிவிடும். மாநிலங்கள் பருத்தி பறிப்பதில்லை. 1860 ஆம் ஆண்டில் அந்நாட்டிலே ஏறத்தாழ 40 இலட்சம் கறுப்பின மக்கள் அடிமைகளாயிருந்தனர். பிரித்தானிய ஆலைகளுக்கு வந்த பருத்தியில் முக்காற் பங்குக்கு மேற்பட்டது அமெரிக்காவிலிருந்தே வந்தது. அதிற் பெரும் பகுதி அவ்வடிமைகளின் கைபட்டு வந்தது.

பாடநூல் கேளாத இவ்வினாவைத் தூரிகையாற் கேட்டவர் லுபைனா ஹிமிட். லங்காஷயரின் பிரெஸ்டன் நகரிலே வாழ்ந்து, அங்குள்ள பல்கலைக்கழகத்திற் பேராசிரியையாகவும் விளங்கியவர். அவர் பிறந்த இடமோ சன்சிபார்த் தீவு, ஆண்டு 1954. தந்தை சன்சிபார் வாசி. தாய் ஆங்கிலப் பெண், துணிகளுக்குக் கோலம் வரையும் தொழிலினர். குழந்தைக்கு நான்கு மாதமாயிருக்கையில் தந்தை மலேரியாக் காய்ச்சலால் இறக்க, தாய் மகளைத் தூக்கிக்கொண்டு இங்கிலாந்துக்குத் திரும்பினார். நாற்பது ஆண்டுகளுக்குப் பின்னரே ஹிமிட் தாம் பிறந்த மண்ணை மீண்டும் கண்டார்.

சன்சிபார் சாதாரணமான ஒரு தீவன்று. கிழக்காபிரிக்காவின் பெரிய அடிமைச் சந்தை அங்கேதான் இருந்தது. 1873 இலேதான் அது மூடப்பட்டது. அத்தீவுப் பெண்கள் உடுக்கும் 'கங்கா' என்னும் துணியும் ஈண்டு நினைவுகூரத்தக்கது. நாற்புறமும் கரை, நடுவே ஒரு கோலம், அதன் கீழே சுவாகிலி மொழியில் ஒரு வாசகம் என்பது அதன் அமைப்பு. நேரே சொல்ல முடியாததைப் பெண்கள் உடுத்துக் காட்டுவர். இத்துணிகளில் ஒரு பகுதி இந்தியாவிலும் ஐரோப்பாவிலும் அச்சிடப்பட்டு அங்கு சென்றது. தாயின் தொழிலும் தந்தையின் நாட்டு உடையும் ஆகிய இவ்விரண்டுமே ஹிமிட்டுக்கு வாய்த்த முதுசம். அவருடைய ஓவியங்களிலே துணிக்கோலமும் எழுத்தும் பிரியாது வருவதன் காரணத்தை வேறெங்கும் தேட வேண்டியதில்லை.

இக்கலைஞர் உருவாகிய காலத்தையும் நோக்குதல் வேண்டும். போரினாற் சிதைந்த பிரித்தானியாவைக் கட்டியெழுப்பக் குடியேற்ற நாடுகளின் உழைப்பாளர் தேவைப்பட்டனர். 1948 இல் 'விண்ட்ரஷ்' கப்பல் மேற்கிந்தியரை ஏற்றி வந்தது. தேவை குறைந்ததும் 1962 இற் குடிவரவுச் சட்டம் வந்தது. 1968 இல் ஈனொக் பவலின் வெறுப்புப் பேச்சு வந்தது. 1981 இல் பிரிக்ஸ்டன் தெருக்கள் எரிந்தன. அக்காலத்தே 'கறுப்பர்' என்ற சொல் தோலின் நிறத்தை மட்டுங் குறித்து நிற்கவில்லை. ஆபிரிக்கரும் மேற்கிந்தியரும் ஆசியரும் தாம் பட்ட பொது அநுபவத்திற்கு இட்ட அரசியற் பெயராகவும் அது இருந்தது. அதற்குக் கோட்பாட்டு வலுவூட்டியவர்களில் ஒருவர், 1958 வன்செயலின் பின் கொழும்பை விட்டு இலண்டன் சென்ற தமிழர் அ. சிவானந்தன் என்பதை நம்மில் எத்தனை பேர் அறிவர்? 1974 முதல் அவர் ஆசிரியராயிருந்து நடத்திய 'இனமும் வர்க்கமும்' என்ற ஆங்கில ஏட்டின் பெயரே அவரது நிலைப்பாட்டை உரைக்கும்.

1985 இல் இலண்டன் சமகாலக் கலை நிறுவனத்தில் ஹிமிட் ஒழுங்கு செய்த 'மெல்லிய கறுப்புக் கோடு' என்ற கண்காட்சியும் அப்பொருளிலேயே கறுப்பர் கண்காட்சியாக அமைந்தது. பங்குபற்றிய பெண் கலைஞர் 11 பேரில் சுதபா பிஸ்வாஸ், சீலா குமாரி பர்மன் ஆகிய இந்திய வழியினரும் இருந்தனர். பிஸ்வாஸ் தீட்டிய காளியோ சமையற் கத்தி ஏந்திய இல்லத்தரசி. ஆயின், நிறுவனம் இக்கலைஞருக்கு ஒதுக்கிய இடம் மண்டபமன்று. ஆட்கள் கடந்து செல்லும் நடைவழிச் சுவர். கண்காட்சியின் தலைப்பு அச்சுவரைப் பற்றியதாகவும் ஆகிவிட்டது.

இனிப் பருத்திக்கு வருவோம். 2002 இல் அவர் படைத்தது 'பருத்தி டொட் கொம்'. கறுப்பிலும் வெள்ளையிலும் துணிக்கோலங்கள் தீட்டிய சிறு சட்டங்கள் பல சுவரை நிறைக்கின்றன. மான்செஸ்டர் ஆலைத் தொழிலாளரும் அமெரிக்கத் தோட்டத்து அடிமைகளும் இக்கோலங்கள் வாயிலாக ஒருவரோடொருவர் பேசுவதாகக் கற்பனை. கூடவே நீண்டதொரு பித்தளைத் தகடு. அதிலே ஓர் அடிமைப் பெண்ணின் கூற்று. வயலில் வேலை செய்வோருக்குத் தலையில் வாளி வைத்துத் தண்ணீர் சுமந்து சென்ற தன்னை ஒருவன் பார்த்து, ஸ்பானிய ஓவியர் முரில்லோவின் சித்திரம் போலிருக்கிறாய் என்றானாம். அழகை இரசிக்கும் கண்ணுக்குச் சுமை தெரியவில்லை. நம் கலை விமரிசகர் சிலருக்கும் இத்தகடு நன்று.

அந்த உரையாடல் உண்மையில் நடக்கவில்லை. ஆனால் அதற்கு அடிப்படையான ஒரு சம்பவம் நடந்தது. 1861 இல் அமெரிக்க உள்நாட்டுப் போர் மூண்டு, வடபடை தென்துறைமுகங்களை முற்றுகையிட்டபோது லங்காஷயருக்குப் பருத்தி வரவு நின்றது. ஆலைகள் மூடின, இலட்சக்கணக்கானோர் கஞ்சிக்கு வரிசையில் நின்றனர். முற்றுகையை உடைத்தாற் பருத்தி வரும், கூலி வரும் என்று முதலாளிகள் பலர் தூண்டினர். ஆயினும் 1862 டிசம்பர் 31 ஆம் நாள் மான்செஸ்டர்த் தொழிலாளர் சுதந்திர வர்த்தக மண்டபத்திற் கூடி, அடிமை முறையை ஒழிக்கும் முயற்சிக்கு ஆதரவு தெரிவித்து லிங்கனுக்குக் கடிதம் வரைந்தனர். அவர் 1863 ஜனவரி 19 இல் நன்றி பாராட்டி மறுமொழி எழுதினார். அடுத்த ஆண்டு, முதலாம் அகிலத்தின் தொடக்க உரையில் மார்க்ஸும் ஆங்கிலத் தொழிலாளரின் இவ்வுறுதியைப் போற்றினார்.

லங்காஷயர் முழுதும் ஒரே குரலிற் பேசியது என்று கொள்வது பிழையாகும். தென்பகுதியை ஆதரித்த கூட்டங்களும் நடந்தன. பசி தாளாது 1863 இல் ஸ்டேலிபிரிட்ஜ் நகரிற் கலகமும் மூண்டது. பட்டினியும் விலங்கும் ஒன்றல்ல; நெசவாளி வேலையை விட்டு விலகலாம், அடிமை விலக முடியாது. இவ்வேறுபாட்டை அழித்துவிட்டு 'உழைக்கும் மக்கள் ஒன்றே' என்று முழங்குவது சுலபம். ஹிமிட் அவ்வாறு முழங்கவில்லை. கறுப்பும் வெள்ளையுமான கோலங்களை அடுத்தடுத்து வைத்து, இடைவெளியையும் விட்டு வைத்துள்ளார்.

அன்று லிங்கனைப் பழித்த ஏடுகளில் ஒன்று மான்செஸ்டர் கார்டியன். 1821 இல் அதனைத் தொடங்கிய ஜோன் எட்வர்ட் டெயிலர் பருத்தி வணிகர். அவருக்கும், அவருக்குப் பணம் உதவியோரிற் பெரும்பாலோருக்கும் அடிமை உழைப்போடு தொடர்பிருந்ததை ஏற்று, ஏட்டின் உரிமையாளர் 2023 இல் மன்னிப்புக் கோரினர். ஹிமிட்டோ 2007 முதலே அவ்வேட்டின் பக்கங்களை எடுத்து, கறுப்பினத்தவர் படம் வந்த இடங்களைச் சுற்றி வண்ணந் தீட்டத் தொடங்கிவிட்டார். சிரிக்கும் கறுப்பு விளையாட்டு வீரனின் படம். அதன் அருகே தொடர்பற்ற ஒரு குற்றச் செய்தித் தலைப்பு. முற்போக்கு ஏடுதான், இருப்பினும் பக்கம் அமைத்த கை பழைய பழக்கத்தை விடவில்லை.

2007 ஆம் ஆண்டு, பிரித்தானியா அடிமை வாணிகத்தைத் தடை செய்ததன் இருநூறாவது ஆண்டு. எங்கும் விழா. லங்காஸ்டர் நகரிலுள்ள, நீதிபதிகளின் பழைய விடுதி என்னும் நூதனசாலையில் ஹிமிட் 100 பழைய பீங்கான் பாத்திரங்களைப் பரப்பினார். 18 ஆம் நூற்றாண்டில் லிவர்பூல், இலண்டன், பிறிஸ்டல் ஆகியவற்றுக்கு அடுத்தபடியாக அடிமை வாணிகம் நடத்திய ஆங்கிலத் துறைமுகம் லங்காஸ்டர். அவ்வில்லத்தை அலங்கரிப்பவை கில்லோ குடும்பத்தார் செய்த தளபாடங்கள். அவர்கள் மேற்கிந்தியத் தீவுகளிலிருந்து மகோகனி மரம் தருவித்தவர்கள். ஹிமிட்டின் தட்டுகளிற் கறுப்பு முகங்கள் நிமிர்ந்து பார்க்கின்றன. வாணிகம் நின்ற செய்தி கேட்ட கனவான்களும் சீமாட்டிகளும் வாந்தி எடுக்கின்றனர். படைப்பின் பெயர், கடினப்பட்டு விழுங்கு என்ற பொருளது.

விழுங்கத்தான் வேண்டியிருந்தது, ஆனால் கனவான்களுக்கன்று. 1833 இல் அடிமை ஒழிப்புச் சட்டம் நிறைவேறியபோது நட்டஈடாக 2 கோடி பவுண் வழங்கப்பட்டது, அடிமைகளின் உடைமையாளருக்கு! அடிமைகளுக்கு ஒரு சதமும் இல்லை. அதற்கென அரசு பட்ட கடன் 2015 இலேதான் முற்றாகத் தீர்ந்தது என்று பிரித்தானியத் திறைசேரியே 2018 இல் அறிவித்தது. 'விண்ட்ரஷ்' கப்பலில் வந்தோரும் அவர்தம் பிள்ளைகளும் பஸ் ஓட்டியும் மருத்துவமனைகளிற் பணிபுரிந்தும் செலுத்திய வரிப்பணம், தம் முப்பாட்டரை உடைமையாக வைத்திருந்தோருக்குக் கொடுத்த நட்டஈட்டை அடைத்திருக்கிறது. குடியேறியவரை 'அந்நியர்' என்போர் இக்கணக்கைப் பார்ப்பதில்லை.

2017 இல் ஹிமிட்டுக்கு டேர்னர் பரிசு கிடைத்தது. அப்பரிசு பெற்ற முதலாவது கறுப்பினப் பெண் அவரே, வயது 63. ஐம்பது வயதுக்கு மேற்பட்டோர்க்கு இல்லையென்ற விதி அவ்வாண்டிலேதான் நீக்கப்பட்டது. பரிசை வழங்குவது டேற் கலைக்கூடம். 1897 இல் அதனை நிறுவியவர் சர்க்கரை ஆலை அதிபர் ஹென்றி டேற். இவ்வங்கீகாரத்தைச் சிலர் பெரிதாகக் கொண்டாடினர். எனக்கோ 2004 ஆம் ஆண்டுப் படைப்பான 'பணத்துக்குப் பெயரிடல்' அப்பரிசினும் பெரிதாகத் தோன்றுகின்றது.

ஐரோப்பியப் பிரபுக்களின் பழைய உருவப்படங்களிலே, மூலையில் ஒரு கறுப்புச் சிறுவன் பழத்தட்டு ஏந்தி நிற்பதைக் காணலாம். சீமாட்டியின் பெயர் சட்டத்திற் பொறித்திருக்கும், சிறுவனுக்குப் பெயரில்லை. ஹிமிட் அம்மூலையிலிருந்து 100 பேரை வெளியே அழைத்து வந்தார். பலகையில் வெட்டித் தீட்டிய ஆளுயர உருவங்கள். நம்மூர்ச் சினிமாக் கட்டவுட்டுகள் போன்றவை, ஆனால் ஆள் அளவானவை. மேளமடிப்போர், வரைபடம் வரைவோர், சப்பாத்துத் தைப்போர், மூலிகை அறிந்தோர், நாய் பழக்குவோர் எனத் தொழிலுக்குப் பத்துப் பேராகப் பத்துத் தொழிலினர். ஒவ்வொருவர் முதுகிலும் விலைச்சீட்டுப் போன்றதொரு தாள் ஒட்டியிருக்கிறது. அதில் விலை இல்லை. தாய் தந்தையர் இட்ட பெயர், எசமான் இட்ட பெயர், ஊரிற் செய்த தொழில், இங்கு செய்யும் வேலை, இவ்வளவுக்குப் பின்னும் தன்னிடம் எஞ்சியிருப்பது யாது என ஐந்தாறு வரிகள்.

இவ்வுருவங்களை அவர் லிவர்பூல் நூதனசாலைகளுக்கு நன்கொடையாக அளித்துவிட்டார். அடிமைக் கப்பல்கள் புறப்பட்ட துறையருகே, அடிமை வரலாற்று நூதனசாலையில், அவர்களுட் சிலர் நின்றிருக்கின்றனர். முன்னே நின்று பார்ப்போருக்கு நிறமும் உடையும் தெரியும். பெயரை அறிய விரும்புவோர் சுற்றிப் பின்புறம் செல்ல வேண்டும்.