திரைக் கண்ணாடியில் நம் சமூகம்



ஒரு நாட்டாரின் வாழ்க்கை முறையை அறிய விரும்புவோர் கல்வெட்டையும் ஏட்டையும் நாடுதல் வழக்கம். அந்நாட்டில் எழுந்த திரைப்படங்களையும் ஒரு சரித்திர சாசனமாகக் கொள்ளுதல் தகுமென்பது நமது கருத்து. தமிழ்ப் பேசும்படத்தின் முதற் பத்தாண்டே இதற்குச் சான்றாகும்.

1931-ஆம் ஆண்டில் ‘காளிதாஸ்’ வெளிவந்தபின் சில ஆண்டுகள் வரை, நாடக மேடையில் மக்கள் கேட்டுப் பழகிய புராணக் கதைகளே பெரும்பாலும் திரைக்கு வந்தன. தேவரும் அரசரும் உலவிய அத்திரையில் நம் அண்டை வீட்டாரை உலவவிட்டவருள் முதன்மையானவர், பாபநாசத்திற் பிறந்து வழக்கறிஞராயிருந்த கே. சுப்பிரமணியம் அவர்கள்.

1937-இல் அவர் எடுத்த ‘பாலயோகினி’யில், உறவினர் கைவிட்ட பிராமண விதவைக்கும் அவளுடனிருந்த சிறுமிக்கும், தாழ்ந்த குலத்தானென்று தள்ளப்பட்ட வேலைக்காரனே தன் குடிசையில் இடமளிக்கிறான். 1938-இல் வந்த ‘சேவாசதனம்’, இளம்பெண்ணை முதியவருக்கு மணஞ்செய்விக்கும் கொடுமையைக் காட்டிற்று. 1929-இல் இயற்றப்பட்ட சாரதா சட்டம் மணமகளின் வயதை எண்ணிற்று. அவளுக்கும் மணமகனுக்கும் உள்ள இடைவெளியை எண்ணவில்லை. சட்டம் கேளாத கேள்வியைப் படம் கேட்டது.

1939-இல் கல்கியின் கதையைக் கொண்டு வந்த ‘தியாகபூமி’யில், புயலில் வீடிழந்த ஹரிஜனங்களுக்கு இடமளித்த சம்பு சாஸ்திரியை அவர் குலத்தாரே விலக்குகின்றனர். கணவனால் தள்ளப்பட்ட அவர் மகள் சாவித்திரியோ, அவனுக்குத் தானே ஜீவனாம்சம் தருவதாக நீதிமன்றத்திற் கூறுகிறாள். அப்படத்தை ஆங்கில அரசாங்கத்தார் பின்னர்த் தடைசெய்தனர்.

கதையில் சாஸ்திரிக்கு நேர்ந்தது, படமெடுத்தவருக்கு முன்னமே நேர்ந்திருந்தது. ‘பாலயோகினி’யைக் கண்டு சினந்த வைதிகர் அவரை ஜாதிப் பிரஷ்டம் செய்தனர். அவர் பிறர் குலத்தை இகழ்ந்தாரில்லை. தாம் பிறந்த குலத்தின் குறையையே எடுத்துக் காட்டினார். பெரியோர் அவரை விலக்கினர். தாய்மார் பலரோ அப்படத்தில் நடித்த பேபி சரோஜாவின் பெயரைத் தம் பெண்மகவுக்கு இட்டனர். சமூகத்தின் மனம் எப்பக்கம் சாய்ந்ததென்பதைத் தொட்டில்களே கூறின.

இதில் நமக்கும் ஒரு பாடமுண்டு. குலப்பெருமை பேசும் படத்தைப் புகழ்வதும், குறை காட்டும் படத்தைத் தடுக்கக் கூட்டங்கூடுவதும் எந்தச் சங்கத்திற்கும் எளிது. முகத்திற் கறையிருக்கக் கண்ணாடியை உடைத்துப் பயனென்ன? அத்தகைய படமொன்று வருமாயின், கண்டனத் தீர்மானம் எழுதுமுன் நம் வீட்டு விதவையரும் பெண்மக்களும் எவ்வாறிருக்கின்றனரென்று நாமே விசாரித்தறிவோமாக. குறை மெய்யாயின் திருத்துவோம். பொய்யாயின் அதனால் நமக்கு இழுக்கில்லை.